கோணல் அப்பளம்

"தாத்தா, இது வட்டமாவே இல்ல" என்று பொரித்த அப்பளத்தை நீட்டினாள் நாலு வயதுப் பேத்தி.

உளுந்து வாசனையில் அறுபதுகளின் பம்பாய் மாட்டுங்கா திரும்பி வந்தது. லோக்கல் ரயில் போகும்போதெல்லாம் அதிரும் வீட்டில் அம்மா அப்பளம் இடுவாள். கடவுளே இல்லை என்று அடித்துப் பேசும் அப்பா, ஒவ்வொன்றையும் எடுத்துப் பார்த்து, "கோணல்" என்பார்.

ஒருநாள் அம்மா அப்பளக் குழவியைக் கீழே வைத்தாள்.

"கோணலே இல்லாத வட்டத்தை எங்கயாவது பாத்திருக்கேளா?"

"பாத்ததில்ல."

"பாக்காத ஒண்ணை வெச்சு இதைக் கோணல்ங்கறேளே, அதை உங்க மனசுல யார் போட்டா?"

அப்பா அந்த அப்பளத்தை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தபடி வெகுநேரம் நின்றார்.

இப்போது பேத்தியிடம் கேட்டேன். "சரியான வட்டம் எப்படி இருக்கும்னு உனக்கு யார் சொன்னா?"

"யாரும் சொல்லல. எனக்கே தெரியும்."