ரிசல்தார் வலியுல்லாவின் பதவி உயர்வுகள்

1932, டிசம்பர் 11, ஞாயிற்றுக்கிழமை. மயிலாப்பூரில் விடிந்தது முதல் விடாத தூறல். கச்சேரி ரோட்டில் கலியாணப் பந்தல் சொட்டிக்கொண்டிருந்தது. உள்ளே, மணப்பெண் அமீனாவின் தகப்பனார் வலியுல்லா தம் தோளில் இருந்த இரண்டு நட்சத்திரங்களைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

அவற்றை அவருக்கு வழங்கியவர் அவரே. குதிரைப்படை ஒன்றின் தையற்கூடத்தில், பிறருடைய சட்டைக் கைகளில் பட்டையும், பிறருடைய தலைப்பாகைகளில் ஈட்டிச் சின்னமும் தைத்துக் கண் மங்கியவர், ஊர் திரும்பியபோது மிச்சச் சின்னங்களையும் பெட்டியில் போட்டுக்கொண்டு வந்தார். முதல் ரம்ஜானுக்கு மூன்று பட்டைகளைத் தைத்துக்கொண்டு தபேதார் ஆனார். யாரும் கேட்கவில்லை. சில ஆண்டுகள் கழித்து ஒரு நட்சத்திரம், ஜமேதார். அமீனாவுக்கு வரன் தேடத் தொடங்கியதும் மற்றொன்று; குதிரைவீரர்களை நடத்தும் ரிசல்தார். ஊசி குத்தியது நீங்கலாக ஒரு துளி இரத்தமும் சிந்தாமல் இவ்வளவு உயர்ந்த வீரர் இந்த நகரத்தில் வேறு இலர்.

அந்த நட்சத்திரங்களைக் கண்டு மயங்கித்தான் திருவல்லிக்கேணித் தோல் வியாபாரி மெஹபூப் அலி தம் மகனைத் தர இசைந்தார். ஊர்வலத்தில் மாப்பிள்ளைக்கு முன்னால் சம்பந்தி குதிரையேறி வரவேண்டும் என்பது அவர் நிபந்தனை.

"கால் வலின்னு சொல்லிடுங்களேன்" என்று கெஞ்சினாள் மனைவி ஹாஜிரா பீ.

"ரிசல்தாருக்குக் கால் வலியா? இன்னா பேசுற நீ?"

தெருமுனையில், ஜட்கா ஓட்டும் கங்காதரன் தன் குதிரைக்கு இரவல் சேணம் பூட்டி நிறுத்தியிருந்தான். பேண்டு முழங்கியது. நற்காரியம் ஆகையால் வலியுல்லா, "பிஸ்மில்லா" என்று வலது காலையே முதலில் இடப்பக்கத்து அங்கவடியில் வைத்தார், எம்பினார், அமர்ந்தார். எதிரே வால் இருந்தது.

"சாய்பு! தலை அந்தாண்ட கீது!" என்று அலறினான் கங்காதரன்.

பேண்டு நின்றது. ஊரே சிரித்தது. மெஹபூப் அலி குடையோடு வந்து, அவரை இறக்கிப் பந்தல் ஓரம் அழைத்துச் சென்றார்.

"இன்னா ரிசல்தார் சாப், எதிரி பின்னால வரானா?"

வலியுல்லா தோளின் நட்சத்திரங்களைக் கையால் மறைத்துக்கொண்டார்.

"ரிசல்தார் வூட்டுப் பொண்ணுன்னு பத்திரிகை அடிச்சு ஊரெல்லாம் குடுத்துட்டேன். நிறுத்தினா எனக்குத்தான் கேவலம். நிசத்தைச் சொல்லு, நிக்காஹ் நடக்கும். இன்னொரு பொய் சொன்னே, மாப்பிள்ளையை இப்பவே இட்டுக்கினு போயிடுவேன். படையில இன்னா வேலை செஞ்சே?"

குதிரை மிரண்டது, போர்க்காயம், தளபதியின் ஆணை என்று மூன்று பொய்கள் நாக்கின் நுனி வரை அணிவகுத்து வந்தன. பந்தலில் பெண்கள் பக்கம் கட்டிய திரைக்குப் பின்னால் அமீனாவின் வளையல்கள் அசைவற்றிருந்தன.

"தையக்காரன், பாய்."