சித்தப்பா சுற்றிக் காட்டிய கிளப்

எங்கள் வீட்டுக்கு விருந்தாளி யார் வந்தாலும் சித்தப்பா அவர்களை உடனே கிளப்புக்கு இழுத்துக்கொண்டு போய்விடுவார். புதுக்கோட்டையில் எங்கள் தெரு முனையில் இருந்த அந்தக் கட்டடத்தில் சமஸ்தானத்து உத்தியோகஸ்தர்கள் டென்னிஸ் ஆடுவார்கள், கர்லாக்கட்டை சுற்றுவார்கள். சித்தப்பாவும் மெம்பர். ஆனால் அவர் எதையும் ஆடி நான் பார்த்ததில்லை. கட்டடத்தைப் பற்றிப் பேசுவது மட்டும்தான் அவர் செய்த தேகப்பயிற்சி.

அது ஒரு காலத்தில் குதிரை லாயம், குதிரைகள் நின்ற இடம்தான் இப்போது வளைவுகளாக நிற்கிறது, சுவர்ப் பூச்சில் கடுக்காய்த் தண்ணீரும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்ந்திருக்கிறது என்பதெல்லாம் கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளித்துப்போயிருந்தது.

அக்காவைப் பெண் பார்க்க இலுப்பூரிலிருந்து மாப்பிள்ளையும் அவருடைய அண்ணனும் வந்த அன்றாவது மனிதர் சும்மா இருந்திருக்கலாம். அப்பா பார்த்து முடிவு செய்த இடம் அது. அப்பா முடிவு செய்துவிட்டால் வீட்டில் யாரும் எதிர்த்துப் பேச முடியாது. வந்த இருவரில் மாப்பிள்ளை யார் என்று எனக்குப் பிடிபடவில்லை; இருவருக்குமே வழுக்கை.

"பொண்ணு தயாராகுறதுக்குள்ள நம்ம கிளப்ப ஒரு எட்டுப் பாத்துட்டு வந்துருவோம், வாங்க" என்றார் சித்தப்பா. காபி கிளப் என்று நினைத்துக்கொண்டு அண்ணன்காரர்தான் முதலில் எழுந்தார்.

போனவர்கள் வரவில்லை. கேசரி ஆறிப்போயிற்று. ராகுகாலம் நெருங்க நெருங்க அம்மா வாசலுக்கும் அடுப்படிக்குமாக அலைந்தாள். "ஒங்க சித்தப்பாவைப் போயி இழுத்துக்கிட்டு வாடி!" என்று என்னை விரட்டினாள்.

கிளப் வாசலில் காவல்காரர் மறித்தார். "பொம்பளப் புள்ளைக உள்ள போகக்கூடாது பாப்பா."

உள்ளே இரும்புச் சுருள்படியில் மூவரும் மொட்டைமாடிக்கு ஏறிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார் இருவருக்கும் மூச்சு வாங்கியது.

"சித்தப்பா, ராகுகாலம் வரப்போகுது!" என்று தெருவில் நின்றே கத்தினேன்.

"இந்தா வாரேன்! பர்மாத் தேக்குல போட்ட பலகைத் தளம் ஒண்ணுதான் பாக்கி!"

வீட்டுக்கு ஓடினேன். அம்மா திரும்ப விரட்டினாள். இந்தத் தடவை சித்தப்பா ஒரு தூணைத் தட்டிக் காட்டி, அவர்களையும் தட்டச் சொல்லிக்கொண்டிருந்தார். கூப்பிட்டால் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வெயிலில் கால் சுட்டது. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அவர்கள் வீடு திரும்பியபோது ராகுகாலம் தொடங்கிவிட்டது. அண்ணன்காரர் படியேறவில்லை.

"பொண்ணு பாக்க வந்தவங்களத் தூணு பாக்க வச்சுட்டீங்களே! சகுனமே சரியில்லைங்க" என்று சொல்லிவிட்டு பஸ்ஸைப் பிடிக்க நடந்தார். மாப்பிள்ளையும் பின்னால் போனார். சம்பந்தம் அத்தோடு நின்றது.

"ஒனக்குப் புத்தி கெட்டுப்போச்சாடா?" என்று அப்பா கத்தினார். சித்தப்பா குனிந்த தலை நிமிரவில்லை. நல்லா வேணும் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்பா வெளியே போனதும், அக்கா கட்டிய பட்டுப்புடவையோடு வந்து, தட்டு நிறையக் கேசரியைச் சித்தப்பாவின் முன்னால் வைத்தாள். "சாப்பிடுங்க சித்தப்பா" என்றாள். சிரித்துக்கொண்டிருந்தாள்.

வந்தவருக்கு அது மூன்றாம் தாரம் என்பதும், வேண்டாமென்று அக்கா அழுததைச் சித்தப்பா மட்டும்தான் காது கொடுத்துக் கேட்டார் என்பதும் அன்று எனக்குத் தெரியாது. காரியத்தைக் கெடுத்த ஆளுக்கா இந்த உபசாரம் என்று அக்காவின் மேலேயும் கோபித்துக்கொண்டு, எனக்கு வைத்த கேசரியைத் தொடாமல் எழுந்து போனேன்.