கறுப்பாக விழுந்த முட்டைகள்

அன்று அடையாறு பங்களாவில் நாங்கள் மூன்றே பேர்: ஏதென்ஸிலிருந்து காமிராவோடு வந்திருந்த கிரேக்கர், ராயப்பேட்டையில் பிறந்து வளர்ந்த அவருடைய சித்தப்பா மகள், கூடமாட உதவ வந்த நான். கடல் தாண்டி வந்த கிரேக்கர்கள் ஈஸ்டர் கொண்டாடுவதை அவர் படமாக்கிக்கொண்டிருந்தார். மிச்சமிருந்தது ஒரே சுருள் பிலிம்.

அந்த அம்மாள் சாயம் தோய்த்த சிவப்பு முட்டைகளை மேசையில் வைத்தார். அந்தக் காலத்துக் கறுப்பு வெள்ளைப் பிலிமில் சிவப்பு கறுப்பாகத்தான் விழும். பாதியில் பள்ளிக்கூடத்தை விட்டவன் பேச்சு எடுபடுமா? இருந்தாலும் கேட்டுவிட்டேன்.

"கறுப்பா விழுமேம்மா, மஞ்சள் பூசிடலாமா?"

"இன்னா நைனா, இதுக்கா இப்டி பயந்துகினு கீறே? அண்ணனுக்கும் அது தெரியும். சிவப்பு ஏசுவோட ரத்தம். மஞ்சள் பூசுனா படம் சோக்கா வரும், எங்க பண்டிகைதான் அதுல இருக்காது" என்று சிரித்தார்.

முட்டையோடு முட்டை மோதி விளையாடினார்கள். காமிராவின் கைப்பிடியைச் சுற்றியது நான்தான்.

பிறகு, துறைமுகத்துக்கு வந்த கிரேக்க மாலுமிகளுக்குப் படத்தைப் போட்டுக் காட்டினோம். திரையில் முட்டைகள் கரித்துண்டுகளாகத் தெரிந்தன. மானம் போயிற்று என்று தலைகுனிந்தேன். மாலுமிகளோ எழுந்து, "கிறிஸ்து உயிர்த்தார்" என்று தங்கள் பாஷையில் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள்.

பிலிமைப் பற்றியே கவலைப்பட்ட நான், பார்க்கிறவர்களின் கண்ணை நினைத்தே பார்க்கவில்லை.