கடைசிப் பிடி இறால்

நியூ ஆர்லியன்ஸில் கடை கடையாக நடந்து சாப்பிடும் சுற்றுலாவில் நாங்கள் ஆறு பேர். மூன்றாவது கடையில், வழிகாட்டிப் பெண் ஆளுக்கொரு காகிதக் கிண்ணத்தில் கம்போ என்ற குழம்பைத் தந்தாள். வெண்டைக்காயும் காய்ந்த இறாலும் சேர்ந்து கொதித்த வாசனை. கிண்ணத்தை வாயருகே கொண்டுபோனதும் எங்கள் ஊர் மரக்காணம் வந்துவிட்டது.

சுனாமிக்குப் பிறகு எங்கள் தெருவில் பல மாதம் யாரும் மீன் வாங்கவில்லை. இத்தனை பேரை விழுங்கிய கடலின் மீனை எப்படித் தின்பது என்பார்கள். எங்கள் வீட்டில் மட்டும் ஞாயிற்றுக்கிழமை வெண்டைக்காய்க் குழம்பில் காய்ந்த இறால் இருக்கும். எக்கியார்குப்பத்திலிருந்த அம்மாவின் அண்ணன் முன்பே கொடுத்தது.

"அலைக்கு முன்னாடி புடிச்சதுடி. பயப்படாம சாப்பிடு" என்பாள் அம்மா. மாமா அந்த அலையோடு போனவர்.

ஒரு பிடி மிச்சமிருந்தபோது அம்மா அதைச் சமைப்பதை நிறுத்திவிட்டாள். டப்பா மட்டும் மேல்தட்டில் இருந்தது. அவள் உப்பளத்துக்குப் போயிருந்த ஒரு பகலில், ஆசை தாங்காமல் அதை வறுத்துத் தின்றுவிட்டேன்.

சாயங்காலம் உப்பு பூத்த கால்களோடு வாசலில் நின்றவளுக்கு வாசனை தெரிந்துவிட்டது. அடிப்பாள் என்று சுவரோடு ஒட்டிக்கொண்டேன். அவள் காலி டப்பாவைத் திறந்து வெகுநேரம் முகர்ந்தாள்.

"நல்லா இருந்துச்சாடி?"

தலையாட்டினேன். டப்பாவை இறுக்கி மூடி அதே தட்டில் வைத்தாள்.

"நன்றாக இருந்ததா?" என்று வழிகாட்டிப் பெண் ஆங்கிலத்தில் கேட்டபடி காலிக் கிண்ணங்களை வாங்கினாள். என்னுடையதை மட்டும் நான் கொடுக்கவில்லை; அதில் ஓர் இறால் மிச்சமிருந்தது. அடுத்த கடை வரைக்கும் கிண்ணத்தை உள்ளங்கையால் மூடியபடியே நடந்தேன்.