இலோனாவுக்குத் தமிழ் கொடுத்த ராயபுரம்

ஹங்கேரியில் ஒரு நெசவாலை ஊரில் பிறந்து, ஹாலிவுட்டில் பெரிய நட்சத்திரமான இலோனாவைப் பற்றிப் போன வருடம் இங்கே எழுதியிருந்தேன். உச்சரிப்பு சரியில்லை என்று அவருடைய முதல் அமெரிக்கப் படத்தில் வேறொருத்தியின் குரலைப் போட்டார்கள். பிறகு அதே உச்சரிப்போடுதான் கதாநாயகியானார். அந்தப் பதிவுக்குக் கீழே ஒரு பின்னூட்டம் வந்தது: "தமிழ்ல அந்தம்மாவுக்குப் பேசுறது நான்தான். ராயபுரம் வந்தா வூட்டுக்கு வாங்க." ஸ்டெல்லா அக்கா எனக்கு அறிமுகமானது அப்படித்தான். இலோனாவின் புதுப்படம் தமிழில் வந்த வாரக் கடைசியில் திருச்சியிலிருந்து கிளம்பிவிட்டேன்.

எழும்பூரில் இறங்கி, சென்ட்ரலில் மாறி, வண்ணாரப்பேட்டை வரை மெட்ரோ. முப்பது ரூபாய்க்குள்தான். அங்கிருந்து ஆட்டோ எண்பது ரூபாய். "மாதா கோயில் பக்கத்துல" என்றேன். ஓட்டுநர் திரும்பிப் பார்த்தார். "எந்த மாதா கோயில்மா? இங்க தெருவுக்கு ஒண்ணு கீது." அக்காவுக்குப் போன் போட்டுக் கொடுத்ததும் வாசலிலேயே கொண்டு விட்டார்.

இரண்டாவது மாடி. ஜன்னலைத் திறந்தால் துறைமுகத்தின் கிரேன்கள். அவற்றில் ஒன்றை ஓட்டுகிறவர் அக்காவின் கணவர் அந்தோணி. காசிமேட்டில் காலையில் வாங்கிய சங்கரா மீன் குழம்பு. நான் மூன்று முறை சோறு வாங்கினேன். அக்கா தட்டைத் தொடவே இல்லை. "பயமா கீதுமா" என்றார்.

"இத்தினி வருஷமா அந்தம்மாவுக்கு சுத்தத் தமிழ்லதான் பேசினேன். இந்தப் படத்துல அது கிரேன் ஓட்டுது. எங்கூட்டுக்காரரு மாதிரி பேசட்டுமான்னு டப்பிங் டைரக்டராண்ட கேட்டேன். 'பேசு, ஆனா சோகமான எடத்துல ஜனம் சிரிச்சா அடுத்த படம் வேற ஆளுக்கு'ன்ட்டாரு. சினிமால நம்ம பாஷ வந்தாலே காமெடிதான? வெளியூர்ல சிரிச்சாகூட போவுது. எங்க ஏரியாவே சிரிச்சா இன்னா பண்றது?"

திருவொற்றியூர் தியேட்டருக்கு மூவரும் ஷேர் ஆட்டோவில் போனோம். ஆளுக்கு முப்பது. ஏழு கிலோமீட்டர்கூட இருக்காது, ஆனால் கன்டெய்னர் லாரிகளின் வரிசையில் மாட்டி முக்கால் மணி நேரம் ஆகிவிட்டது. டிக்கெட் நூற்றிருபது.

படம் தொடங்கியது. இலோனா கிரேனில் ஏறி, முகத்தைத் துடைத்துவிட்டு, கீழே நிற்பவனைப் பார்த்துக் கத்துகிறார்: "இன்னா நைனா, கயித்த ஒயுங்கா கட்னியா?"

தியேட்டரே வெடித்துச் சிரித்தது. விசில் வேறு. அக்கா எழுந்துவிட்டார். அந்தோணி அண்ணன் முந்தானையைப் பிடித்து இழுத்தார். "குந்து. படம் இன்னும் எவ்ளோ கீது."

இடைவேளைக்குப் பிறகுதான் அந்தக் காட்சி. உடன் வேலை பார்த்தவன் கன்டெய்னர் விழுந்து செத்துக் கிடக்கிறான். முதலாளி கைக்கடிகாரத்தைப் பார்க்கிறான். இலோனா அவன் முன்னால் வந்து நிற்கிறார். குரல் உயரவே இல்லை. "காலைல என்னோட டீ குட்ச்சவன் சார் இவன். இப்ப செத்துக் கெடக்கறான். நீ இன்னாடான்னா கப்பல் லேட்டாவுதுன்னு பேஜார் பண்ணிகினு கீற."

யாரும் சிரிக்கவில்லை. மின்விசிறிச் சத்தம் மட்டும். திடீரென்று முன்வரிசையில் ஓர் ஆள் எழுந்து, "வுடாத அக்கா, கேளு!" என்று கத்தினார். அதற்கப்புறம் கைத்தட்டல் ஓயவே இல்லை. அக்கா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதார்.

வெளியே வரும்போது முன்னால் போன ஒரு பெண் பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள்: "அந்த வெள்ளக்காரி எத்தினி மாசம் நம்மாண்ட தங்கிக் கத்துக்கிச்சோ!" அக்கா என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

போக நினைப்பவர்களுக்கு: நேரமாகாமல் இருக்க, திருவொற்றியூருக்குத் தேரடி மெட்ரோவிலேயே போய்விடுங்கள். மணலி ஆலைகள் பக்கமிருந்து காற்று அடித்தால் மூக்குக்குத் துணி வேண்டும். காசிமேட்டுக்கு விடிவதற்குள் போனால்தான் நல்ல மீன். வெளிநாட்டுப் படமானாலும் வடசென்னையில் தமிழிலேயே பாருங்கள். எனக்குக் கிடைத்தது வேறெங்கும் கிடைத்திருக்காது.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது அக்கா போன் செய்தார். டைரக்டர் அடுத்த படத்துக்கும் கூப்பிட்டுவிட்டாராம். "இந்தத் தபா இலோனா மகாராணியாம்மா. மறுபடியும் சுத்தத் தமிழ்தான்" என்றவர் சிரித்தார். "ஆனா சம்பளம் ஏத்திக் குடுன்னு நம்ம பாஷையிலதான் கேட்டேன். மறு பேச்சில்ல, குட்த்துட்டாரு."