வாசலில் வாடாத வேப்பிலை

முதலில் முதுகு வலித்தது, பிறகு காய்ச்சல். நெற்றியில் முத்துகள் தடித்தெழக் கண்ட என் கணவர், செந்துறைக்கு வண்டி அனுப்பித் தம் தமக்கையை, நான் அண்ணி என்றழைப்பவரை, வரவழைத்தார். இளமையிலேயே பெரியம்மை கண்டவர் அவர். முகத்தில் வடுக்கள் உண்டு. மீண்டும் அவரைத் தொற்றாது. அரியலூரில் எங்கள் வாசலில் வேப்பிலை கட்டியவரும், மூன்று வயது மகளை அடுத்த அறைக்குப் பிரித்து அழைத்துச் சென்றவரும் அவரே.

அவர் இல்லையேல் நான் பிழைத்திரேன். வாழையிலையில் கிடத்தி, இளநீர் புகட்டி, இமைகள் ஒட்டாமல் துடைத்துக் காத்தார். அம்மையுற்றோர்க்கு அத்தகைய கை கிடைப்பது பேறு. ஆயினும் சுவருக்கு அப்பால் மகள் அவரோடு சிரிக்கும்போதெல்லாம், கொப்புளங்களைவிட அச்சிரிப்பே எரிந்தது.

பொருக்கு (கொப்புளம் காய்ந்தபின் தோலில் ஒட்டியிருக்கும் ஓடு) முழுதும் உதிர்ந்தபின் மருத்துவர் வந்தார். "இனிப் பயமில்லம்மா. தண்ணி ஊத்திக்கிட்டுக் குழந்தையத் தூக்கிக்கங்க" என்றார். அம்மை இறங்கியபின் வேப்பிலையும் மஞ்சளும் இட்ட நீரைத் தலைக்கு ஊற்றுவது வழக்கம். அதுவரை நோயாளி பிறரைத் தொடலாகாது.

அண்ணி நாளைத் தள்ளினார். ஒரு வெள்ளிக்கிழமை அமாவாசை குறுக்கிட்டது. மறு வெள்ளியன்று என் உடம்பு சுடுகிறது என்றார்.

"டாக்டரு சொல்லிட்டுப் போயிருவாரு. நாளைக்கு ஒண்ணுன்னா நான்தானே பாக்கணும்? உன் நல்லதுக்குத்தான் சொல்றேன், படுத்துக்க."

கணவர் தமக்கைக்கு மறுசொல் அறியாதவர். மகளோ, அண்ணி வாரிவிட்ட தலையோடு, அவர் இடுப்பிலிருந்தே என்னை எட்டிப் பார்த்தாள்.

ஒருநாள் காலையில் வாசலை நோக்கினேன். என் மேனியில் ஒரு பொருக்கும் இல்லை. வேப்பிலையோ அன்று பறித்தது. நான் நோயாளியாகவே இருக்க அவர் விரும்புவது விளங்கியது. அக்கொத்தையே அவிழ்த்துக் குடத்திலிட்டேன். வெயிலில் நீர் சூடேறியதும் நானே தலைக்கு ஊற்றிக்கொண்டேன்.

"என்னைய ஒரு வார்த்தை கேக்கலியே" என்றபடி வந்தார்.

"கேட்டா இன்னொரு வெள்ளிக்கிழமை சொல்லியிருப்பீங்க, அண்ணி."

செம்பை வாங்கக் கை நீட்டினார். நான் கொடுக்கவில்லை.

ஈரத்தலையுடன் மகளை அழைத்தேன். ஓடிவந்தவள் பாதியில் நின்று, அத்தையின் முகத்தைப் பார்த்தாள். அவர் தலையசைத்த பிறகே என்னிடம் வந்தாள்.

நோயிலிருந்து எழுவோர், பொருக்கு உதிர்ந்த நாளோடு எல்லாம் முடிந்ததென எண்ணவேண்டா. அண்ணி ஊர் திரும்பிய பின்னும், என் மகள் எவர் முகத்தையும் பாராமல் என் மடியேற ஒரு மழைக்காலம் கழிந்தது. இப்போது என் கன்னத்துக் குழிகளை அவள் ஒவ்வொன்றாகத் தடவுகிறாள். அவ்விரல் படும்வரை இத்தோல் என்னுடையதாக இருக்கவில்லை. ஆயினும் அது குழியைத் தேடிப் பழகியதுபோல் நகரும்போது, அத்தையின் வடுக்களையும் இவ்வாறே தடவியிருப்பாளோ என்று நினைக்காமல் இருக்க இன்னும் என்னால் முடியவில்லை.