பொட்டு வைத்த தொட்டி

ஊட்டிப் பக்கம் எமரால்டில் உரக்கடை வைத்திருக்கிறேன். கடைக்கு வருகிறவர்களில் வேணி மாதிரி வாய் உள்ளவர் யாரும் கிடையாது. மூட்டையைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "ஏனுங்கண்ணா, எடை போடறப்ப உங்க கையும் தராசுல இருந்துச்சுங்களா?" என்பாள். அன்னூரிலிருந்து கல்யாணமாகி வந்தவள். முதல் வருடம் குளிர் தாங்காமல் அழுதாளாம். அப்புறம் மண்வெட்டியைப் பிடித்தாள், குளிர் ஓடிப்போனது. கணவர் சபாபதிக்கு அரவங்காடு வெடிமருந்து ஃபேக்டரியில் வேலை. கேரட் தோட்டம் முழுக்க அவள் ராஜ்ஜியம்தான்.

தோட்டத்துக்கு மேல்புறம் ஒரு பழைய ஃபேக்டரி உண்டு. அந்தக் காலத்தில் தேயிலைப் பெட்டிக்குள் ஒட்டுகிற ஈயத்தாள் செய்த இடம். அது மூடிப்போனதும், வெளியூர்க் கம்பெனி ஒன்று வாங்கி குடோனாக்கிக்கொண்டது. பின்னாலிருந்த சிமெண்டுத் தொட்டியில் ஈயக் கசடு அப்படியே கிடந்தது. தொட்டி விரிசல் விட்டு, கசடு கரைந்து வேணியின் தோட்டத்தில் இறங்கிவிட்டது. இதில் விளைந்ததை யாரும் தின்னக்கூடாது என்று மண்ணைச் சோதித்தவர்கள் சொல்லிவிட்டார்கள்.

கேரட் எடுக்கிற நேரம் பார்த்தா இது வரவேண்டும்! வியாபாரி பாபு, மண்டியில் யார் கேட்கப்போகிறார்கள் என்று லாரியோடு வந்து நின்றார். வேணி ஏற்றவிடவில்லை. "எந்த ஊட்டுக் கொழந்தை கடிச்சுத் திங்குமோ, என்னால முடியாதுங்க" என்று அத்தனையையும் மண்ணிலேயே அழுகவிட்டாள். மேல் மண்ணை அள்ளி, நல்ல மண் போட்டால்தான் இனி அங்கே விவசாயம். வேணியால் ஆகிற காரியமா அது?

கம்பெனி மேனேஜர் கீர்த்திவாசனிடம் கேட்டால், "அந்தத் தொட்டி எங்களோடதில்லை. பழைய கம்பெனியைப் போய்க் கேளுங்க" என்றார். பழைய கம்பெனி எங்கே இருக்கிறது, ஆகாசத்திலா? அதன் முதலாளிகளே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். எனக்கு ரத்தம் கொதித்தது.

வேணி விடாமல் மனு கொடுத்தாள். கடைசியில் மாசுக் கட்டுப்பாட்டு அதிகாரி ஜெயஸ்ரீ மேடம் நேரில் பார்க்க வந்தார். ஆயுத பூஜை முடிந்த வாரம் அது. கடையைச் சாத்திவிட்டு நானும் போனேன். விடுவேனா!

"அந்தத் தொட்டிக்கும் எங்களுக்கும் ஸ்நானப்ராப்தி கிடையாது மேடம்" என்று சொல்லிக்கொண்டே மேனேஜர் எங்களைப் பின்பக்கம் கூட்டிப்போனார்.

அங்கே தொட்டி கல்யாண மாப்பிள்ளை மாதிரி நிற்கிறது! சுவரில் உள்ளங்கை அகலத்துக்குச் சந்தனம், நடுவில் குங்குமம். குழாயில் செவ்வந்தி மாலை, இருபுறமும் வாழைக்கன்று, எதிரே உடைத்த பூசணிக்காய்.

"ஏனுங்க சார், அடுத்தவங்க தொட்டிக்கா இத்தனை அலங்காரம்?" என்றாள் வேணி.

வாட்ச்மேன் அழகர்சாமி பதறிக்கொண்டு முன்னால் வந்தார். பாவம், மேனேஜரைக் காப்பாற்றுவதாக நினைப்பு. "சார் சொல்லித்தானுங்க வெச்சேன். நம்ம சாமான் ஒண்ணு உடாம பொட்டு வெக்கோணும்னாருங்க. கேட்டுக்கு வெச்சேன், தராசுக்கு வெச்சேன். இதை மட்டும் எப்படீங்க உடறது? குடோன் கழுவுற தண்ணிய தெனமும் இதுலதானுங்களே உடறோம்!"

மேடம் சிரித்துவிட்டார். சிரிப்பு அடங்கியதும் முகம் மாறியது. "தினமும் தண்ணி விடறீங்களா?"

மேனேஜரின் முகம் அந்தக் குங்குமத்தைவிடச் சிவந்தது. அவர்கள் விட்ட தண்ணீர்தான் கசடைத் தோட்டத்துக்குத் தள்ளியிருக்கிறது. தொட்டியையும் தோட்டத்தையும் கம்பெனியே தன் செலவில் சுத்தம் செய்ய வேண்டும் என்று உத்தரவு வந்தது.

மண் அள்ளும் மெஷின் வந்த அன்று, ஊரையே கேலி பேசுகிறவள் ஓரமாக நின்று அழுதாள். "விஷமா இருந்தாலும் என்ற மண்ணுங்கண்ணா" என்றாள்.

புது மண் போட்டு, சோதனையில் சுத்தம் என்று வந்த பிறகுதான் விதைத்தாள். போன வாரம் முதல் கேரட் எடுத்தாள். மேனேஜர் கீர்த்திவாசனும் பார்க்க வந்திருந்தார். வேணி ஒன்றைப் பிடுங்கிக் கழுவி நீட்டினாள். வாயருகே கொண்டுபோனவர் கொஞ்சம் தயங்கினார்.

"அன்னைக்கு லாரி முன்னால எனக்கும் இப்படித்தானுங்க சார் இருந்துச்சு" என்றாள் வேணி. "இப்பப் பயப்படாம தின்னுங்க. நீங்களே சுத்தம் பண்ணிக் குடுத்த மண்ணுதான்."

அவர் கடித்தார். மென்றார். "நல்லா இனிக்குதும்மா" என்றார்.

வேணி இன்னும் நாலைந்தைப் பிடுங்கினாள். "இதையும் கொண்டு போங்க சார், உங்க ஊட்டுக் கொழந்தைங்களுக்கு."

அவர் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.